அந்த முற்றத்தில் ஊஞ்சல் இருந்ததா?



இந்த வார எபிசோடில் செயற்கை ஞாபகங்களைப் பற்றிக் கதைத்தோம். இல்லாத ஒரு பழைய படத்தை ஏஐ உருவாக்கித் தருவது, இறந்தவரின் படத்தைச் சிரிக்க வைப்பது, இதையெல்லாம் காசுக்கு விற்பது, இதுதான் விஷயம். கடைசி ஐந்து நிமிடத்தில் நான் ஒரு ஊஞ்சலைப் பற்றிச் சொல்லத் தொடங்கி, நேரம் போய்விட்டதால் பாதியில் நிறுத்திவிட்டேன். அந்தக் கதையையும் அதற்குப் பின்னால் இருக்கிற விஞ்ஞானத்தையும் இங்கே ஆறுதலாக எழுதுகிறேன். எபிசோட் கேட்காதவர்களும் தாராளமாக வாசிக்கலாம்.

ஊஞ்சல் கதை

அம்மா யாழ்ப்பாணத்தில் பிறந்து வளர்ந்தவ. 1995 ஒக்டோபர் கடைசியில் வலிகாமம் முழுக்க இடம்பெயர்ந்தபோது, அவவின் குடும்பமும் கையில் அகப்பட்டதை எடுத்துக்கொண்டு தென்மராட்சிப் பக்கம் நடந்தது. அல்பங்கள் அலுமாரியிலேயே இருந்துவிட்டன. பிறகு போய்ப் பார்த்தபோது அலுமாரியும் இல்லை, கூரையும் இல்லை. அம்மாவின் சின்ன வயதுப் படம் ஒன்றுகூட எங்களிடம் கிடையாது. இதை வாசிக்கிற பலருடைய வீட்டிலும் இதே கதைதான் என்று எனக்குத் தெரியும்.

போன வருடம் அம்மாவின் பிறந்தநாளுக்கு அந்த வீட்டை ஏஐயில் வரைந்து பிரேம் போட்டுக் கொடுப்பம் என்று யோசித்தேன். "உங்கட வீடு எப்பிடி இருந்தது எண்டு சொல்லுங்கோ அம்மா" என்று கேட்டேன். அவ வெங்காயம் உரித்துக்கொண்டே ஒரு ஐந்து நிமிடம் சொன்னா. நான் போனில் ஆங்கிலத்தில் ஒன்பது சொல் அடித்தேன். தமிழில் சொன்னால்: யாழ்ப்பாணம், பழைய வீடு, நடு முற்றம், கிணறு, மாமரம், மாலை வெளிச்சம். அவ்வளவுதான்.

அரை நிமிடத்தில் படம் வந்தது. வடிவான நாற்சார் வீடு. முற்றம், கிணறு, மாமரம் எல்லாம் இருந்தன. வீட்டுக்குப் பின்னால் ஒரு ஆறும் ஓடியது! "யாழ்ப்பாணத்தில வருசம் முழுக்க ஓடுற ஆறு எங்கையடா இருக்கு?" என்று அம்மா சிரித்தா. நான் ஆற்றை அழித்தேன். முற்றத்து ஓரத்தில் ஒரு மர ஊஞ்சலும் இருந்தது. அதை ஒருவரும் கவனிக்கவில்லை. படத்தை அச்செடுத்து ஹோலில் மாட்டினோம். அம்மா அழுதா. எனக்கும் பெரிய சந்தோஷம்.

சில மாதம் கழித்து வீட்டுக்கு ஆட்கள் வந்திருந்தார்கள். அம்மா படத்தைக் காட்டிச் சொன்னா: "உந்த ஊஞ்சலில இருந்துதான் நான் ஓ.எல். சோதனைக்குப் படிச்சனான்." அந்த நேரம் பாரிஸிலிருந்து பெரிய மாமா வீடியோ கோலில் இருந்தார். "எங்கட வீட்டில ஊஞ்சல் எங்க இருந்தது தங்கச்சி?" என்று கேட்டார். "நீங்கள் மறந்திட்டியள் அண்ணை" என்றா அம்மா.

யார் சரி? அம்மம்மா இருந்திருந்தால் கேட்டிருக்கலாம். அவ காலமாகி நான்கு வருடம். வீடு இல்லை, படம் இல்லை. போனில் பழைய ப்ராம்ப்டைத் தேடி எடுத்துப் பார்த்தேன். ஒன்பது சொல்லில் ஊஞ்சல் இல்லை. ஆனால் அந்த ஐந்து நிமிடப் பேச்சில் அம்மா ஊஞ்சலைச் சொல்லி, நான்தான் அதை விட்டுவிட்டேனா? தெரியாது. நான் அவவின் குரலைப் பதிவு செய்யவில்லை.

ஞாபகம் என்பது வீடியோ ஃபைல் இல்லை

அம்மா பொய் சொல்லவில்லை. அவவுக்கு மறதி நோயும் இல்லை. எல்லா மனிதர்களின் மூளையும் இப்படித்தான் வேலை செய்கிறது.

ஞாபகத்தை மூளைக்குள் சேமித்து வைத்த ஒரு வீடியோவாக நினைக்கிறோம். ஆனால் அது கூகிள் டாக்ஸ் மாதிரி. திறக்கிற ஒவ்வொரு முறையும் அதில் எழுதலாம். மூடும்போது புதிதாகச் சேமிக்கப்படும். பழைய வடிவத்தைத் திரும்பப் பார்க்கிற வசதி மட்டும் இல்லை.

2000ஆம் ஆண்டு கரீம் நாதேர், கிளென் ஷாஃப், ஜோசப் லெடூ ஆகியோர் எலிகளில் இதைக் காட்டினார்கள். ஒரு சத்தம் கேட்டால் மின் அதிர்ச்சி வரும் என்று எலிகள் பழகியிருந்தன. அந்தச் சத்தத்தைத் திரும்பக் கேட்க வைத்து, உடனே மூளையின் அமிக்டலா என்ற பகுதியில் புரதம் உருவாவதைத் தடுக்கிற மருந்தைச் செலுத்தினார்கள். பயம் மங்கிப் போனது. சத்தத்தைக் கேட்க வைக்காமல் மருந்தை மட்டும் கொடுத்தபோது பயம் அப்படியே இருந்தது. அதாவது, நினைவுகூரும் நேரத்தில்தான் ஞாபகம் இளகுகிறது. அந்த நேரத்தில் அதற்குள் எதுவும் நுழையலாம், எதுவும் வெளியே போகலாம்.

மனிதர்களில் இதை அதிகம் ஆராய்ந்தவர் உளவியலாளர் எலிசபெத் லோஃப்டஸ். 1995இல் வெளியான அவருடைய ஆய்வில் 24 பேருக்குச் சிறு வயதுச் சம்பவங்கள் நான்கு கொடுக்கப்பட்டன. மூன்று உண்மை, குடும்பத்தவர் சொன்னவை. நான்காவது கற்பனை: சின்ன வயதில் கடைத்தொகுதியில் தொலைந்து போனது. ஏறக்குறைய நால்வரில் ஒருவர் அந்த நடக்காத சம்பவத்தை முழுமையாகவோ பாதியாகவோ "ஞாபகம் இருக்கு" என்றார்.

அது வெறும் சொல். படம் காட்டினால்? 2002இல் நியூசிலாந்தில் கிம்பர்லி வேட் குழுவினர் 20 பேரின் சிறுவயதுப் படத்தை வெட்டி, சூடான காற்றுப் பலூனில் பறப்பது போன்ற ஒரு படத்தில் ஒட்டினார்கள். மூன்று சந்திப்புகள் முடிந்தபோது சரிபாதிப் பேருக்கு அந்தப் பயணம் முழுதாகவோ அரைகுறையாகவோ "ஞாபகம்" வந்திருந்தது. அன்றைக்கு இதைச் செய்யப் போட்டோஷாப் தெரிந்த ஒருவர் உட்கார்ந்து வேலை செய்ய வேண்டும். இப்போது ஒன்பது சொல் போதும்.

2024இல் எம்.ஐ.டி மீடியா லாப் ஆய்வாளர்கள், லோஃப்டஸையும் சேர்த்துக்கொண்டு, 200 பேரிடம் இதையே ஏஐயை வைத்துச் சோதித்தார்கள். முதலில் உண்மையான படங்கள். பிறகு சிலருக்கு அதே படங்கள், சிலருக்கு ஏஐ மாற்றிய படங்கள், சிலருக்கு அந்த மாற்றிய படங்களிலிருந்து ஏஐ செய்த வீடியோ. மாற்றாத படங்களைப் பார்த்தவர்களோடு ஒப்பிட்டால், வீடியோ பார்த்தவர்களிடம் பொய் ஞாபகம் ஏறக்குறைய இரண்டு மடங்கு. தாங்கள் சொல்வது சரி என்ற நம்பிக்கையும் அவர்களுக்குக் கூடுதலாக இருந்தது.

எங்கட ஹோலில் நான் மாட்டியதும் இதே பரிசோதனைதான். ஒரு வித்தியாசம்: ஆய்வில் கலந்துகொண்டவர்களுக்கு முடிவில் உண்மையைச் சொல்லி அனுப்புவார்கள்.

சந்தையில் இப்போது என்ன இருக்கிறது?

1990இல் வந்த 'டோட்டல் ரீகால்' படத்தில் ரீகால் என்று ஒரு கொம்பனி வரும். காசு கட்டினால் போகாத சுற்றுலாவின் ஞாபகத்தை மூளைக்குள் ஏற்றிவிடுவார்கள். பிலிப் கே. டிக் 1966இல் எழுதிய சிறுகதைதான் அதற்கு மூலம். நேரடியாக மூளைக்குள் ஏற்றுவது இன்று எலிகளோடு நிற்கிறது. 2013இல் எம்.ஐ.டியில் சுசுமு தொனேகாவாவின் ஆய்வுக்கூடம் ஒளியைப் பயன்படுத்தி மூளைக் கலங்களைத் தூண்டி, ஒரு பெட்டியில் நடக்காத அதிர்ச்சியை அங்கே நடந்ததாக எலியை நம்ப வைத்தது. கடையில் அது கிடைக்காது.

ஆனால் மூளைக்குள் வயர் தேவையில்லை. கண் வழியாகவே போகலாம்.

2021 பெப்ரவரியில் மைஹெரிடேஜ் என்ற வம்சாவளி இணையதளம் 'டீப் நொஸ்டால்ஜியா' என்ற வசதியைக் கொண்டுவந்தது. பூட்டனின் பழைய படத்தைக் கொடுத்தால் அவர் கண் சிமிட்டுவார், தலை திருப்புவார், புன்னகைப்பார். அந்தப் புன்னகை பூட்டனுடையது இல்லை. முன்கூட்டியே தயாரித்து வைத்த அசைவுகளை அவர் முகத்தில் ஏற்றுகிறார்கள். தவறாகப் பயன்படுத்தக்கூடும் என்று பேச்சைச் சேர்க்கவில்லை என அப்போது அந்த நிறுவனமே சொன்னது. அடுத்த வருடம், 2022 மார்ச்சில், 'லைவ்ஸ்டோரி' வந்தது. அதில் பூட்டன் வாய் திறந்து தன் வாழ்க்கைக் கதையைச் சொல்கிறார்.

2023இல் கூகிள் பிக்சல் 8 போனில் வந்த 'பெஸ்ட் டேக்' இன்னும் சாதாரணமாகத் தோன்றும். தொடர்ந்து எடுத்த பல படங்களிலிருந்து ஆளுக்கு ஒரு நல்ல முகத்தை எடுத்து ஒரே படமாக்கும். எல்லோரும் சிரிக்கிறார்கள். ஆனால் எல்லோரும் ஒன்றாகச் சிரித்த நொடி என்று ஒன்று நடக்கவே இல்லை.

விற்பவருக்கு என்ன கிடைக்கிறது?

ஒரு கதிரை வாங்கினால் கதிரை உங்களுடையது. செயற்கை ஞாபகத்தைச் சந்தாவில் வாங்கினால் என்ன நடக்கும்? இறந்த அப்பாவோடு கதைக்கிற செயலிக்கு மாதக் காசு கட்டுகிறீர்கள் என்று வையுங்கள். விலையைக் கூட்டினால் நிறுத்துவீர்களா? நிறுத்துவது அவரை இரண்டாம் தரம் இழப்பது மாதிரி இருக்கும். கொம்பனிக்கும் அது தெரியும். துக்கம் ஆறினால் வாடிக்கையாளர் போய்விடுவார், ஆறாவிட்டால் காசு வரும். இப்படி ஒரு கணக்கு இருக்கிற இடத்தில் "உங்கள் மன ஆறுதலுக்காக" என்ற விளம்பரத்தைக் கொஞ்சம் யோசித்துத்தான் நம்ப வேண்டும்.

இரண்டாவது, ஞாபகத்துக்குள் விளம்பரம் புக முடியும். 2002இல் கேத்ரின் பிரவுனும் லோஃப்டஸும் சேர்ந்து செய்த ஆய்வில், டிஸ்னி பூங்காவில் பக்ஸ் பனியோடு கை குலுக்கியதாகக் காட்டும் ஒரு விளம்பரத்தைச் சிலரிடம் கொடுத்தார்கள். அதைப் பார்த்த பிறகு, சின்ன வயதில் தாங்களும் அப்படிக் கை குலுக்கியதாக நம்பியவர்கள் கூடினார்கள். பக்ஸ் பனி வார்னர் பிரதர்ஸின் பாத்திரம். டிஸ்னி பூங்காவில் அது நிற்கவே முடியாது. ஒரு கடதாசி விளம்பரமே இவ்வளவு செய்தால், உங்கள் குடும்ப அல்பத்தையே தன் சேர்வரில் வைத்திருக்கும் ஒரு நிறுவனம் என்ன செய்யலாம் என்று யோசித்துப் பாருங்கள்.

மூன்றாவது, சம்மதம். 2024 ஜனவரியில் 'லால் சலாம்' படப் பாட்டில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவரின் குரலையும் ஏ.ஆர்.ரஹ்மான் ஏஐயில் கொண்டுவந்தார். விவாதம் எழுந்ததும், குடும்பத்தாரிடம் அனுமதி வாங்கி, உரிய சன்மானமும் கொடுத்ததாகச் சொன்னார். அது போதுமா என்று நீங்கள் வாதாடலாம். ஆனால் குறைந்தது யாரிடமோ கேட்கப்பட்டது. நாங்கள் தாத்தாவின் படத்தை ஒரு செயலியில் ஏற்றும்போது யாரிடம் கேட்கிறோம்?

நான்காவதுதான் எனக்கு மிக நெருக்கமானது. இடைவெளியை நிரப்புவது எது? இந்த ஏஐக்கள் இணையத்தில் கிடக்கும் கோடிக்கணக்கான படங்களைப் பார்த்துப் படித்தவை. இணையத்தில் அதிகம் இருப்பது அவற்றுக்கு "சாதாரணம்" ஆகிவிடும். சுற்றுலா விளம்பரங்களில் வருகிற ஆற்றங்கரை வீடுகளுக்குப் பஞ்சமில்லை. எங்கட ஊர் கிடுகு வேலி, படலை, துலாக் கிணறு எல்லாம் அங்கே அருமை. அதனால்தான் அம்மாவின் வீட்டுக்குப் பின்னால் ஆறு ஓடியது. ஆறு பெரிய பிழை, உடனே பிடித்தோம். ஊஞ்சல் மாதிரிச் சின்னப் பிழைகள்தான் உள்ளே தங்கிவிடும்.

எங்களுக்கு இது ஏன் கூடுதல் பாரம்?

அம்மாவுக்காவது ஏஐ படத்தோடு மோத ஒரு சொந்த ஞாபகம் இருக்கிறது. எனக்கு அதுவும் இல்லை. நான் அந்த முற்றத்தில் நின்றதில்லை. எனக்கும் என் தங்கச்சிக்கும் அந்தப் படம்தான் அந்த வீடு. நாளைக்கு எங்கட பிள்ளைகளுக்கு நாங்கள் காட்டப்போவதும் அதுதான்.

அதோடு, எங்கட சமூகத்தில் படங்கள் சாட்சியமும்தான். 2009 ஓகஸ்டில் பிரித்தானியாவின் சானல் 4, கைகள் கட்டப்பட்டவர்களைச் சுட்டுக் கொல்லும் ஒரு வீடியோவை ஒளிபரப்பியது. அது போலி என்று இலங்கை அரசு சொன்னது. 2010 ஜனவரியில் ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன், சுயாதீன நிபுணர்களின் ஆய்வு அது உண்மையானது என்பதையே வலுவாகக் காட்டுகிறது என்று அறிவித்தார். ஏஐ இல்லாத காலத்திலேயே "போலி" என்று சொல்வது அவ்வளவு சுலபமாக இருந்தது.

இப்போது நல்ல எண்ணத்தோடு நாங்கள் செய்யும் படங்களும் வாட்ஸ்அப் குழுக்களில் உண்மையான படங்களோடு கலந்து சுற்றுகின்றன. ஒரு போலி பிடிபட்டால் அதன் பக்கத்தில் இருக்கிற பத்து உண்மைப் படமும் சந்தேகத்துக்குள் வரும். காணாமல் போன ஒருவரின் படத்தை "கொஞ்சம் தெளிவாக்குவம்" என்று ஏஐக்குக் கொடுக்கும் முன் இதை நினைத்துக்கொள்ளுங்கள். தெளிவாகி வருவது அவர் முகமாக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை.

2024இல் ஐரோப்பிய ஒன்றியம் நிறைவேற்றிய ஏஐ சட்டம், ஏஐ உருவாக்கிய படங்களை அடையாளம் காணும்படி குறியிட வேண்டும் என்று நிறுவனங்களுக்குச் சொல்கிறது. ஆனால் வீட்டுத் தேவைக்கு ஏஐயைப் பயன்படுத்துகிற தனி ஆளுக்கு அந்தக் கடமை இல்லை. ஹோலில் மாட்டுகிற படத்தில் என்ன எழுத வேண்டும் என்பது எங்கட கையில்தான்.

அப்ப, செய்யவே கூடாதா?

அப்படிச் சொல்ல மாட்டேன். அம்மா அழுதது பொய்யில்லை.

பார்சிலோனாவில் டொமெஸ்டிக் டேட்டா ஸ்ட்ரீமர்ஸ் என்ற குழு 'சிந்தெடிக் மெமரீஸ்' என்ற திட்டத்தை நடத்துகிறது. புலம்பெயர்ந்தவர்கள், வயதானவர்கள், மறதி நோய் உள்ளவர்கள் தங்களிடம் படம் இல்லாத ஞாபகங்களைச் சொல்ல, அதைக் கேட்டு ஏஐயில் படமாக்குகிறார்கள். எனக்குப் பிடித்த ஒரு விஷயம்: அவர்கள் பழைய, மங்கலாக வரைகிற ஏஐ மாதிரிகளையே விரும்புகிறார்கள். ஞாபகமே மங்கல்தானே, படம் மட்டும் ஏன் துல்லியமாக இருக்க வேண்டும்? முதலில் ஆளை உட்கார வைத்து, கதையைக் கேட்கிறார்கள். படம் அதற்குப் பிறகுதான் வருகிறது.

நான் அதைத் தலைகீழாகச் செய்தேன். நீங்கள் செய்வதானால் இப்படிச் செய்யுங்கோ:

1. முதலில் குரலைப் பதிவு செய்யுங்கள். போனில் வொய்ஸ் மெமோ போதும். படம் காட்டிய பிறகு எடுக்கிற பேட்டி சுத்தமான பேட்டி இல்லை.

2. தமிழிலேயே, அவர்கள் சொன்ன சொல்லிலேயே எழுதி வையுங்கள். "திண்ணை", "விறாந்தை", "மால்" எல்லாம் ஆங்கிலத்தில் போனால் ஒரே சொல்லாகிவிடும்.

3. இரண்டு பேரிடம் தனித்தனியாகக் கேளுங்கள். ஒன்றாக இருந்தால் ஒருவர் சொல்வது மற்றவருக்கு ஞாபகமாகிவிடும்.

4. படத்தின் முகப்பிலேயே "இது ஏஐ வரைந்தது" என்று எழுதுங்கள், திகதியோடு. ஃபைலுக்குள் இருக்கிற மறைவான தகவல் வாட்ஸ்அப்பில் அனுப்பும்போது பெரும்பாலும் கழன்றுவிடும்.

5. உண்மையான பழைய படம் இருந்தால் ஸ்கேன் செய்து, தொடாத ஒரு பிரதியைத் தனியாக வையுங்கள். "திருத்திய" பிரதியை அதன் மேல் சேமிக்க வேண்டாம்.

6. காசு கட்டும் முன் மூன்று கேள்வி: நான் ஏற்றும் முகத்தை வைத்து உங்கள் ஏஐயைப் பழக்குவீர்களா? சந்தாவை நிறுத்தினால் எல்லாவற்றையும் தரவிறக்கலாமா? உங்கள் கொம்பனி மூடினால் இவை யாருக்குப் போகும்?

கடைசியாக

போன மாதம் அம்மாவிடம் ஒரு பென்சிலும் பழைய பில் ஒன்றின் பின்பக்கமும் கொடுத்து, "வீட்டைக் கீறிக் காட்டுங்கோ" என்றேன். போன் பதிவாகிக்கொண்டு இருந்தது. அவ படலையில் தொடங்கினா. கிணறு, குசினி, மாமரம், மாடு கட்டுகிற இடம். ஐந்து நிமிடம் என்று நினைத்தது ஒன்றரை மணித்தியாலம் ஆனது. கிணற்றடியில் அம்மம்மாவிடம் அடி வாங்கிய கதை எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

முற்றத்தின் ஓரத்துக்கு வந்தபோது பென்சில் நின்றது. படத்தை ஒருக்கா நிமிர்ந்து பார்த்தா. பிறகு கடதாசியைப் பார்த்தா. "இதில ஏதோ இருந்தது தம்பி. என்னெண்டு இப்ப எனக்கே தெரியேல்லை" என்று சொல்லி, அந்த இடத்தை வெறுமனே விட்டா.

நான் போட்டு வைத்த ஊஞ்சலுக்குப் பின்னால் என்ன இருந்ததோ, அது இனி வராமலும் போகலாம். மாமாவிடம் தனியாகக் கேட்க இந்த ஞாயிற்றுக்கிழமை நேரம் எடுத்திருக்கிறேன். ஹோல் படத்தின் கீழே "ஏஐ வரைந்தது, ஊஞ்சல் நிச்சயமில்லை" என்று எழுதி ஒட்டியாச்சு. பக்கத்தில் அம்மா கீறிய பில்லையும் பிரேம் போட்டு மாட்டியிருக்கிறேன்.

உங்கட வீட்டிலும் இப்படி ஒரு "ஊஞ்சல்" இருக்கிறதா? பதில் போட்டு எழுதுங்கோ. அதற்கு முன்னால், அம்மாவுக்கோ அப்பாவுக்கோ ஒரு கோல் எடுத்து, ரெக்கோர்ட் பண்ணலாமா என்று கேட்டுவிட்டு, "உங்கட வீட்டு வாசல் எந்தப் பக்கம் பார்த்தது?" என்று மட்டும் கேட்டுப் பாருங்கோ. மிச்சத்தை அவர்களே சொல்லுவார்கள்.

அடுத்த எபிசோடில் சந்திப்பம்.